இந்திய ஆடைச் சந்தையும் காஞ்சித் தறியும்
(ஏனாத்தூரில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



இந்திய ஆடைச் சந்தையின் இன்றைய போக்குகளைப் பற்றிப் பேசச் சொன்னார்கள். பெரிய தலைப்பு. திருப்பூர் பனியன், சூரத் பாலியெஸ்டர், லூதியானா கம்பளி, ஏற்றுமதி வரி என்று எந்தப் பக்கம் போனாலும் ஒரு மணி நேரம் போதாது. ஏனாத்தூரில் நின்றுகொண்டு அவ்வளவு தூரம் சுற்ற வேண்டியதும் இல்லை. பக்கத்தில் காஞ்சிபுரம் இருக்கிறது. நாடு முழுவதும் கல்யாணத்துக்குத் தேடப்படும் துணி அங்கே நெய்யப்படுகிறது. அந்த ஒரு புடவையைப் பிடித்துக்கொண்டு போனாலே சந்தை முழுவதும் தெரிந்துவிடும்.

நான் சொல்ல வருவதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். காஞ்சிப் பட்டுக்கு வாங்குகிறவர்கள் குறையவில்லை. நெய்கிறவர்கள்தான் குறைகிறார்கள். பொதுவாக ஒரு பொருளுக்குக் கிராக்கி இருந்தால் அதைச் செய்கிறவனுக்கும் கிராக்கி இருக்கும். இங்கே அப்படி நடக்கவில்லை. சந்தை ஊர்ப் பெயருக்கு விலை போடுகிறது, கடைக்கு விலை போடுகிறது, சரிகைக்கு விலை போடுகிறது, விசேஷத்துக்கு விலை போடுகிறது. நெசவுக்கு விலை போட அது இன்னும் கற்றுக்கொள்ளவில்லை.

முதலில், பெண்கள் என்ன உடுத்துகிறார்கள் என்பதிலிருந்து தொடங்குவோம். நாற்பது ஆண்டுகளுக்கு முன் தமிழ்நாட்டில் பாவாடை, தாவணி, புடவை என்று வயதுக்கு ஒரு உடை இருந்தது. 1985-ல் ‘பூவே பூச்சூடவா’ படம் வந்த பிறகு, அதன் நாயகி பெயரில் நதியா கம்மல், நதியா வளையல், நதியா கொண்டை என்று ஊரே அலைந்ததை இங்கிருக்கும் அம்மாமார் மறந்திருக்க மாட்டார்கள். அந்த அலையோடு சுடிதாரும் கல்லூரிக்குள் வந்தது. அதற்குப் பிறகு குர்த்தி, லெக்கிங்ஸ். சென்னையில் தொடங்கிய கோ கலர்ஸ் என்ற நிறுவனம் பெண்களின் கால்சட்டை வகைகளை விற்றே வளர்ந்து 2021-ல் பங்குச் சந்தைக்குப் போயிற்று. இடுப்புக்கு மேலே என்ன போடுகிறீர்கள் என்று அது கவலைப்படவே இல்லை. அதற்கே நாடு முழுவதும் கடைகள்! டாடா குழுமத்தின் ஜூடியோ, கடையில் எதை எடுத்தாலும் ஆயிரம் ரூபாய்க்குள் என்று சொல்லிச் சின்ன ஊர்கள் வரை வந்துவிட்டது. 2007-ல் தொடங்கிய மிந்த்ராவும் அதன் பின் வந்த மீஷோவும் துணிக்கடையைக் கைப்பேசிக்குள் வைத்துவிட்டன. பிடிக்கவில்லை என்றால் திருப்பி அனுப்பிவிடலாம்.

இதனால் புடவை இழந்தது என்ன? அன்றாடத்தை இழந்தது. வெள்ளிக்கிழமை கோயிலுக்கு ஒன்று, உறவினர் வீட்டு வளைகாப்புக்கு ஒன்று, பொங்கலுக்கு ஒன்று என்று பீரோவில் அடுக்கியிருந்த நடுத்தர விலைப் பட்டுகளின் இடத்தைக் குர்த்தியும், விசைத்தறி ‘செமி சில்க்’கும், இளம்பிள்ளைப் புடவையும், சூரத் புடவையும் பங்கு போட்டுக்கொண்டன. அவற்றைக் குறை சொல்ல நான் வரவில்லை. எண்ணூறு ரூபாய்க்கு ஒரு பெண் அழகாக உடுத்திக்கொண்டு வேலைக்குப் போக முடிகிறது என்றால் அது நல்லதுதான். ஆனால் காஞ்சித் தறிக்கு மிஞ்சியது முகூர்த்தம் ஒன்றுதான்.

முகூர்த்தம் சின்ன விஷயமில்லை. தமிழ்க் கல்யாணத்துக்குள் இப்போது ஹல்தி வந்திருக்கிறது, மெஹந்தி வந்திருக்கிறது, சங்கீத் வந்திருக்கிறது. வரவேற்புக்கு லெஹங்கா. இத்தனை வந்தும் தாலி கட்டும் நேரத்துக்குப் பட்டுப் புடவைதான் என்பதில் யாரும் கை வைக்கவில்லை. ஆந்திரமும் தெலங்கானாவும் இதில் நம்மைவிடத் தீவிரம். கர்நாடகத்திலும் அந்த இரு மாநிலங்களிலும் வரலட்சுமி நோன்பு காலம் காஞ்சிப் பட்டுக்குப் பெரிய பருவம். காஞ்சிபுரம் காந்தி ரோட்டுக் கடைகளில் தமிழுக்குச் சமமாகத் தெலுங்கு கேட்பது அதனால்தான். ஹைதராபாத்தைத் தலைமையிடமாகக் கொண்ட சாய் சில்க்ஸ் கலாமந்திர் நிறுவனம் ‘வரமகாலட்சுமி’ என்ற பெயரில் காஞ்சிப் பட்டுக்கென்றே தனிக் கடைகள் நடத்துகிறது. 2023 செப்டம்பரில் அது 1,201 கோடி ரூபாய்க்குப் பங்கு வெளியிட்டது. டைட்டன் நிறுவனம் 2017-ல் பெங்களூரில் ‘தனைரா’வைத் தொடங்கிக் கைக்கடிகாரம், நகையோடு புடவையையும் சேர்த்துக்கொண்டது. ஆதித்ய பிர்லா குழுமம் 2021-ல் ஆடை வடிவமைப்பாளர் சப்யசாசியின் நிறுவனத்தில் 51 சதவீதப் பங்கை வாங்கியது. 1923-ல் ஸ்ரீவில்லிபுத்தூரில் தொடங்கிய போத்தீஸ், 1924-ல் திருநெல்வேலியில் தொடங்கிய ஆர்.எம்.கே.வி., 1928-ல் தி.நகரில் தொடங்கிய நல்லி ஆகிய குடும்பக் கடைகள் வளர்த்த தொழிலுக்குள் பெருமுதல் இப்போதுதான் நுழைகிறது. காஞ்சிப் பட்டில் லாபம் இல்லை என்று யாராவது சொன்னால் இந்தப் பட்டியலைக் காட்டுங்கள்.

ஃபேஷன் என்றாலே நேற்று இன்ஸ்டாகிராமில் பிறந்தது என்ற எண்ணம் மாணவர்களுக்கு இருக்கும். காஞ்சிபுரத்துக்கு அது புதிதில்லை. எம்.எஸ். சுப்புலட்சுமிக்காகக் காஞ்சிபுரம் முத்து செட்டியார் உருவாக்கிய நீலம் ‘எம்.எஸ். ப்ளூ’ என்று பெயர் வாங்கிற்று. கச்சேரிக்குப் போன பெண்கள் பாட்டைக் கேட்டார்கள், புடவையையும் பார்த்தார்கள், மறுநாள் கடையில் போய் அதே நீலம் கேட்டார்கள். ருக்மிணி தேவி அருண்டேல் கலாக்ஷேத்திராவில் நெசவுக்கூடம் வைத்துப் பழைய கரைகளையும் கட்டங்களையும் தேடி எடுத்து நெய்யச் செய்தார். இன்று ‘பாரம்பரியம்’ என்று நாம் கொண்டாடும் அகலக் கரைப் புடவைகள் பல அந்த முயற்சியால் உயிர் பிழைத்தவை. பிறகு தொலைக்காட்சி விளம்பரம் வந்தது. சாமுத்ரிகா பட்டு, பரம்பரா பட்டு என்று கடைகள் புடவைக்குப் பெயர் சூட்டின. ஐம்பதாயிரம் வண்ணத்தில் ஒரு புடவை வந்தது. 2008-ல் சென்னை சில்க்ஸ், ரவி வர்மா ஓவியங்களை நெய்து ஏறத்தாழ 40 லட்சம் ரூபாயில் ஒரு புடவை செய்தது. ஆடி மாதத்தில் நல்ல காரியம் செய்யக் கூடாது என்றிருந்த ஊரில் ‘ஆடித் தள்ளுபடி’ என்று ஒரு பருவத்தையே உண்டாக்கிய வணிகர்கள் நம்மவர்கள். சந்தைப்படுத்தத் தெரியாதவர்கள் என்று தமிழ் வணிகர்களை யாரும் சொல்ல முடியாது.

இன்று மாறியிருப்பது வேகம். முன்பு ஒரு டிசைன் தறியில் ஏறினால் வருடக் கணக்கில் ஓடும். மயில் சக்கரமும் ருத்ராட்சமும் தாழம்பூ ரேக்கும் பாட்டி காலத்திலிருந்து பேத்தி காலம் வரை வந்தன. இப்போது ஒரு நடிகையின் கல்யாணப் படம் வெளியான வாரமே ‘அதே மாதிரி’ வேண்டும். 2017 டிசம்பரில் அனுஷ்கா சர்மா இத்தாலியில் வெளிர் ரோஜா நிற லெஹங்காவில் மணமுடித்தார். அதற்குப் பிறகு ‘பேஸ்டல்’ என்ற சொல் நம் கடைகளில் அன்றாடச் சொல்லாகிவிட்டது. அரக்கும் மாம்பழ மஞ்சளும் கிளிப்பச்சையும் மயில் கழுத்தும் இருந்த இடத்தில் பிஸ்தா, லாவெண்டர், பீச்.

வாங்குகிறவருக்கு இது ரசனை மாற்றம். தறியில் அதன் பொருள் வேறு. அரக்குப் பாவில், அதாவது தறியில் நீளவாட்டில் கட்டிய நூலில், கை வியர்வை தெரியாது. வெளிர் ரோஜாவில் விரல் பட்ட இடம் தெரியும். ஜக்கார்டு பெட்டியிலிருந்து ஒரு சொட்டு எண்ணெய் விழுந்தால் புடவையே கழிவு. சாயப்பட்டறையில் ஒரே நிறத்தை இரண்டு முறை போட்டால் அடர் நிறத்தில் வேறுபாடு மறைந்துவிடும், வெளிர் நிறத்தில் கண்ணில் உறுத்தும். டிசைன் மாறும்போதெல்லாம் ஜக்கார்டு அட்டை மாற்ற வேண்டும், சில சமயம் பாவு நூலைத் தூக்கும் விழுது மாற்ற வேண்டும், புதுப் பாவு பிணைக்க வேண்டும். அத்தனை நாளும் தறி நிற்கும். தறி நின்ற நாளுக்குக் கூலி கிடையாது. வேகமான ஃபேஷனின் செலவு இப்படிச் சத்தமில்லாமல் நெசவாளியின் கணக்கில் ஏறுகிறது.

எடையும் மாறியிருக்கிறது. மூன்று இழைப் பட்டுப் பாவும் கனத்த சரிகையும் சேர்ந்து முக்கால் கிலோ, ஒரு கிலோ என்று இருந்த புடவையை இன்றைய பெண் தூக்கிக்கொண்டு நடக்கத் தயாராக இல்லை. ‘சாஃப்ட் சில்க்’ வேண்டும் என்கிறாள். நியாயம்தான். நாள் முழுதும் நின்றுகொண்டு வீடியோவுக்குச் சிரிக்க வேண்டியவள் அவள். மடிப்பு எடுக்கத் தெரியாது, அதனால் முன்கூட்டியே மடிப்பு வைத்து, இஸ்திரி போட்டு, பெட்டியில் அடுக்கிக் கொடுக்க ஊருக்கு ஊர் பெண்கள் கிளம்பியிருக்கிறார்கள். இது நல்ல தொழில், வீட்டிலிருந்தபடி சம்பாதிக்கிறார்கள். இன்னொன்று ஆரி வேலை. ஜாக்கெட்டில் மணி, கல், ஜர்தோசி வைத்துப் பெண் மாப்பிள்ளை உருவமோ பல்லக்கோ தைக்கிறார்கள். சில கல்யாணங்களில் ஜாக்கெட்டின் கூலி புடவை விலையை எட்டிப்பிடிக்கிறது. இதை நான் குறையாகச் சொல்லவில்லை; ஒன்றை மட்டும் கவனியுங்கள். ஆரி தைக்கிறவரிடம் மணப்பெண்ணே உட்கார்ந்து டிசைன் பேசுகிறாள். எத்தனை நாள் ஆகும், எத்தனை பேர் தைப்பார்கள் என்று கேட்கிறாள். கேட்டுக் கூலி கொடுக்கிறாள். கை வேலைக்குப் பணம் கொடுக்க இந்தத் தலைமுறை தயங்குவதில்லை என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டாம். தறி வேலையை மட்டும் அவள் பார்த்ததே இல்லை.

அதனால் இங்கே கொஞ்சம் நின்று, கோர்வையைப் பற்றிச் சொல்கிறேன். மாணவர்களில் பலர் இதைக் கேள்விப்பட்டிருக்க மாட்டீர்கள்.

சாதாரணப் புடவையில் ஒரே நாடா, அதாவது ஊடு நூலைக் கொண்டுபோகும் கட்டை, இந்தக் கரையிலிருந்து அந்தக் கரைக்கு ஓடும். ஊடு நூல் ஒன்றே என்பதால் உடலின் நிறச் சாயல் கரையிலும் கலந்திருக்கும். கோர்வையில் மூன்று நாடாக்கள். உடலுக்கு ஒன்று, இரண்டு கரைக்கும் ஒவ்வொன்று. உடல் நூல் கரையின் எல்லை வரை வந்து, கரை நூலோடு கொக்கி போட்டுக்கொண்டு திரும்பிப் போகும். ஒவ்வொரு ஓட்டத்துக்கும் இப்படி. நெசவாளி ஒரு பக்கம் உடல் நாடாவையும் ஒரு கரையையும் பார்த்துக்கொள்ள, அடுத்த பக்கம் இன்னொருவர் உட்கார்ந்து மறு கரை நாடாவைப் போட வேண்டும். உடல் கிளிப்பச்சை, கரை சுத்த அரக்கு என்று ஒன்றில் ஒன்று கலக்காமல் பளிச்சென்று நிற்பது இதனால்தான். முந்தியை வேறு நிறத்தில் சேர்க்க ‘பிட்னி’ என்று தனி வேலை. பழைய பாவின் ஒவ்வொரு இழையிலும் புதுப் பாவின் இழையைக் கோத்துச் சேர்ப்பார்கள். சேர்த்த இடத்தில் மெல்லிய வரப்பு போல விரலில் தட்டும். அடுத்த முறை பழைய கூறைப்புடவை கையில் கிடைத்தால் பின்புறம் திருப்பித் தடவிப் பாருங்கள். உடல் கிழிந்தாலும் கரை பிரியாது என்று நெசவாளர்கள் சொல்வது வெறும் பெருமையில்லை.

இந்தக் கோர்வை ஏன் அருகிப்போயிற்று? ஃபேஷன் மாறியதால் என்று சொல்வது பாதி உண்மை. மீதிப் பாதி பேசச் சங்கடமானது. மறு கரையில் உட்கார்ந்து நாடா போட்டவர்கள் பெரும்பாலும் சிறுவர்கள். பெற்றோர் வாங்கிய முன்பணத்துக்காகப் பள்ளிக்கூடம் போகாமல் குழித்தறியில் உட்கார்ந்தவர்கள். ஹியூமன் ரைட்ஸ் வாட்ச் 2003-ல் வெளியிட்ட அறிக்கையில் காஞ்சிபுரம் இடம்பெற்றது இதற்காகத்தான். அந்தப் பிள்ளைகள் பள்ளிக்குப் போனார்கள், போக வேண்டியதுதான். ஆனால் அந்த இடத்தில் ஒரு பெரியவரை உட்காரவைத்து அவருக்கும் முழுக் கூலி கொடுக்கும் அளவுக்குப் புடவையின் விலைக் கணக்கை யாரும் திருத்தி எழுதவில்லை. பிள்ளைக் கூலியில் கட்டுப்படியான கணக்கு பெரியவர் கூலியில் கட்டுப்படியாகவில்லை, ஆகவே கோர்வையை விட்டுவிட்டார்கள். பழைய கைத்திறன் அழிகிறதே என்று கண்ணீர் விடுகிற கட்டுரைகள் இந்தப் பகுதியை எழுதுவதில்லை.

இப்போது அந்தப் பிள்ளைகளின் பிள்ளைகள் எங்கே? ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம் தொழிற்சாலைகளில். 1990-களின் கடைசியில் இருங்காட்டுக்கோட்டைக்கு ஹூண்டாய் வந்தது. பிறகு நோக்கியா வந்து போயிற்று, சாம்சங் வந்தது, ஃபாக்ஸ்கான் வந்தது. கம்பெனி பஸ் தெருமுனைக்கே வருகிறது. மாதச் சம்பளம், பி.எஃப்., இ.எஸ்.ஐ., வாரம் ஒரு நாள் விடுமுறை. அங்கேயும் குறைகள் இருக்கின்றன, 2024-ல் சாம்சங் தொழிலாளர்கள் வாரக்கணக்கில் வேலைநிறுத்தம் செய்ததைப் பார்த்தோம். இருந்தாலும் போராட ஒரு சங்கம், பேச ஒரு நிர்வாகம், அடுத்த மாதம் வரும் என்று நம்ப ஒரு சம்பளம் அங்கே இருக்கிறது. தறியில் உட்கார்ந்தவனுக்கு மழை பெய்து குழியில் தண்ணீர் நின்றால் அன்றைக்கு வேலை இல்லை. பெண் கொடுக்க வருகிறவர்கள் ‘பையன் கம்பெனியில் இருக்கிறானா’ என்றுதான் கேட்கிறார்கள். நெசவாளர் வீட்டிலேயே அப்படித்தான் கேட்கிறார்கள்.

நாட்டுக் கணக்கும் இதையே சொல்கிறது. முதல் கைத்தறிக் கணக்கெடுப்பு 1987-88-ல் நடந்தபோது நெசவாளர்களும் துணைத் தொழிலாளர்களுமாக 67 லட்சம் பேருக்கு மேல். 1995-96-ல் 65 லட்சம். 2009-10-ல் 43 லட்சம். 2019-20-ல் நடந்த நான்காவது கணக்கெடுப்பில் 35 லட்சம். அந்தக் கடைசிக் கணக்கெடுப்பில் மூன்றில் இரண்டு பங்குக் குடும்பங்களின் மாத வருமானம் ஐந்தாயிரம் ரூபாய்க்குள். இதில் வடகிழக்கு மாநிலங்களில் வீட்டுத் தேவைக்கு நெய்யும் பெண்களும் சேர்ந்திருக்கிறார்கள், ஆகவே காஞ்சிபுரத்துக்கு இதை அப்படியே பொருத்த முடியாது. ஆனாலும் இதே காலத்தில்தான் இந்திய ஆடைச் சந்தை பல மடங்கு பெருத்தது. சந்தை வளர்ந்தால் தொழிலாளி தானாக வளர்வான் என்ற பாடம் உங்கள் பொருளாதாரப் புத்தகத்தில் இருந்தால், ஓரத்தில் இந்த நான்கு எண்களையும் குறித்துவையுங்கள்.

சரிகைக்கு வருவோம். பட்டு நூலைச் சுற்றி வெள்ளிக் கம்பியை முறுக்கி, அதன்மேல் தங்க முலாம் பூசினால் அசல் சரிகை. எடையில் சுமார் 40 சதவீதம் வெள்ளி, அரை சதவீதத்தை ஒட்டித் தங்கம். மீதி செம்பும் பட்டும். பெரும்பாலும் அது சூரத்திலிருந்து வருகிறது. காஞ்சிபுரத்திலேயே அரசின் தமிழ்நாடு சரிகை ஆலையும் இருக்கிறது. 2025-ல் பத்து கிராம் தங்கமும் ஒரு லட்சத்தைத் தாண்டியது, கிலோ வெள்ளியும் ஒரு லட்சத்தைத் தாண்டி மேலே போயிற்று. புடவை விலை அதோடு ஏறியது. ஏறிய பணம் உலோகத்துக்குப் போயிற்று. நெய்கூலி ஒட்டிக்கொண்டு ஏறவில்லை. விலை ஏறினால் வாங்குகிறவர் சின்னக் கரை கேட்பார், இல்லையென்றால் ‘ஹாஃப் ஃபைன்’, ‘டெஸ்டட்’ என்று செம்புச் சரிகைக்கு இறங்குவார். கண்ணுக்கு வித்தியாசம் தெரியாது. வருடங்கள் கழித்துக் கறுக்கும்போதுதான் தெரியும்.

ஊர் ஊராக ‘பழைய பட்டுப் புடவை வாங்கப்படும்’ என்று பலகை வைத்திருப்பதைப் பார்த்திருப்பீர்கள். பாட்டியின் கூறைப்புடவையை அவர்கள் எடை போட்டு, கரையை வெட்டி, எரித்து, வெள்ளியைப் பிரித்துவிடுவார்கள். உடல் பட்டுக்கு விலை இல்லை, அதை நெய்த வேலைக்குச் சுத்தமாக விலை இல்லை. கோர்வையும் சாம்பல், பிட்னியும் சாம்பல். நெசவைச் சந்தை எப்படி மதிக்கிறது என்று தெரிந்துகொள்ள இந்தப் பலகைக்காரரைவிட நேர்மையான ஆசான் கிடையாது.

அடுத்தது, ஊர்ப் பெயர். காஞ்சிபுரம் பட்டுக்குப் புவிசார் குறியீடு 2005-லேயே கிடைத்துவிட்டது. புடவையைக் கைத்தறிக்கு ஒதுக்கிய சட்டம் 1985-லேயே இருக்கிறது. பட்டு சுத்தமா என்று சொல்ல சில்க் மார்க் 2004-ல் வந்தது. கைத்தறியா என்று சொல்ல ஹேண்ட்லூம் மார்க் 2006-ல் வந்தது. 2015-ல் சென்னையில் பிரதமர் முதல் தேசியக் கைத்தறி தினத்தைத் தொடங்கிவைத்தபோது ‘இந்தியா ஹேண்ட்லூம்’ என்ற இன்னொரு முத்திரையும் வந்தது. அந்தத் தினத்துக்குத் தேர்ந்த ஆகஸ்ட் 7, 1905-ல் கல்கத்தாவில் சுதேசி இயக்கம் தொடங்கிய நாள். இத்தனை முத்திரை இருந்தும் கைப்பேசியில் ‘காஞ்சிவரம்’ என்று தேடினால் எழுநூறு ரூபாய்க்குப் புடவை வருகிறது. ‘காஞ்சிவரம் ஸ்டைல்’, ‘காஞ்சி பேட்டர்ன்’ என்று சின்ன எழுத்தில் ஒரு சொல் சேர்த்திருப்பார்கள். ‘நெசவாளரிடமிருந்து நேரடியாக’ என்று யூடியூபில் புடவையை விரித்துக் காட்டுகிறவர்களில் பலர் தறி வைத்தவர்கள் இல்லை, கைமாற்றி விற்கிறவர்கள். நிஜமாகவே தறியிலிருந்து விற்கும் இளைஞர்களும் இருக்கிறார்கள். அவர்கள்தான் இந்தக் கூட்டத்தில் காணாமல் போகிறார்கள்.

முத்திரைகளுக்கு வேறொரு குறையும் உண்டு. சில்க் மார்க் பட்டைப் பற்றி மட்டும் பேசும். விசைத்தறியில் நெய்த சுத்தப் பட்டுக்கும் அது கிடைக்கும். ஹேண்ட்லூம் மார்க் சரிகையைப் பற்றிப் பேசாது. புவிசார் குறியீடு ஊரைப் பற்றிப் பேசும். நெய்தவனுக்கு என்ன கொடுத்தீர்கள் என்பதைப் பற்றி ஒன்றுமே பேசாது.

கூட்டுறவுச் சங்கங்களைப் பற்றிச் சொல்லாமல் போனால் இங்கே வந்திருக்கும் நெசவாளப் பெரியவர்கள் கோபித்துக்கொள்வார்கள். காமாட்சியம்மன் சங்கம், முருகன் சங்கம், அறிஞர் அண்ணா சங்கம் என்று காஞ்சிபுரம் முழுக்க இருப்பவை இடைத்தரகரின் பிடியிலிருந்து நெசவாளியை மீட்டவை. 1935-ல் தொடங்கிய கோ-ஆப்டெக்ஸ் இல்லாவிட்டால் பல தறிகள் எப்போதோ நின்றிருக்கும். 1953-ல் கைத்தறித் துணி தேங்கிக் கிடந்தபோது காஞ்சிபுரத்துக்காரரான அண்ணா தோளில் துணி சுமந்து தெருவில் விற்றார் என்பதும் நமக்குத் தெரிந்ததே. ஆனால் சங்கங்கள் தள்ளுபடி மானியத்தை நம்பியே பழகிவிட்டன. தீபாவளிக்கு முப்பது சதவீதம் குறைத்தால்தான் நகரும் என்று நினைக்கும் சரக்கு தன் மதிப்பைத் தானே குறைத்துக்கொள்கிறது. கோ-ஆப்டெக்ஸ் சில ஆண்டுகளுக்கு முன், நெய்தவரின் பெயரும் படமும் எத்தனை நாள் நெய்தார் என்ற விவரமும் கொண்ட அட்டையைப் புடவையோடு இணைத்துக் கொடுத்தது. எனக்குத் தெரிந்து இந்தத் துறையில் அரசு செய்த மிக நல்ல காரியம் அதுதான். விளம்பரத்துக்குச் செலவில்லாமல் வாங்குகிறவரின் கேள்வியையே மாற்றியது.

கேள்வி மாறினால் சந்தை மாறும் என்பதற்கு வேட்டி நல்ல உதாரணம். அரசியல்வாதிக்கும் மாப்பிள்ளைக்கும் மட்டும் என்று ஒதுங்கியிருந்த வேட்டியை ராம்ராஜ் விளம்பரங்கள் மரியாதையோடு திருப்பிக் கொண்டுவந்தன. 2014-ல் சென்னையில் ஒரு கிரிக்கெட் கிளப்பில் வேட்டி கட்டிய நீதிபதியை உள்ளே விட மறுத்தார்கள். அப்படி மறுக்கக் கூடாது என்று அதே ஆண்டு சட்டமன்றம் சட்டமே இயற்றிவிட்டது. இன்று பொங்கலுக்கு ஐ.டி. கம்பெனிகளில் வேட்டியைப் பார்க்கிறோம், ஒட்டிக்கோ வேட்டியாக இருந்தாலும் வேட்டிதான். புடவைக்கும் அப்படி ஒரு அசைவு நடந்தது. 2015-ல் பெங்களூரில் இரண்டு பெண்கள் ஆண்டுக்கு நூறு முறை புடவை கட்டுவோம் என்று தொடங்கியது நாடு முழுக்கப் பரவியது. பீரோவில் தூங்கிய புடவைகள் வெளியே வந்தன. ஆகவே அன்றாடம் போனது போனதுதான் என்று நான் முடிவு கட்டத் தயாராக இல்லை.

வரிக் கணக்கிலும் புடவைக்கு இப்போது ஒரு சாதகம் இருக்கிறது. 2025 செப்டம்பர் 22 முதல் 2,500 ரூபாய்க்கு மேற்பட்ட தைத்த உடைக்கு ஜி.எஸ்.டி. 18 சதவீதம். பட்டுப் புடவை துணிக் கணக்கில் வருவதால் 5 சதவீதம்தான். வரவேற்புக்கு லெஹங்கா எடுக்கும் குடும்பங்கள் இதை எத்தனை நாள் கவனிக்காமல் இருக்கும் என்று பார்க்க வேண்டும். வணிகர்கள் இந்நேரம் கவனித்திருப்பார்கள்.

நிறைவாக ஒரு கோரிக்கை. நகைக்கடைக்குப் போகும் எந்தத் தமிழ்க் குடும்பமும் செய்கூலி எவ்வளவு, சேதாரம் எவ்வளவு என்று கேட்காமல் வெளியே வராது. பில்லிலும் அது தெரிய வேண்டும் என்று எதிர்பார்ப்போம். 2023 ஏப்ரல் முதல் ஆறு எழுத்து அடையாள எண் இல்லாமல் ஹால்மார்க் நகையை விற்கவே முடியாது. அதே குடும்பம் நகைக்கடையிலிருந்து நேரே பட்டுக் கடைக்கு வந்து முப்பதாயிரம், ஐம்பதாயிரம் கொடுத்துப் புடவை எடுக்கும்போது நெய்கூலி என்ன என்று கேட்பதில்லை. பில்லில் ஒரே வரி: பட்டுப் புடவை ஒன்று, இவ்வளவு ரூபாய்.

கூட்டுறவுச் சங்கங்களில் நெய்கூலி ஏற்கெனவே கணக்குப் புத்தகத்தில் இருக்கிறது. அதை விலைச்சீட்டுக்குக் கொண்டுவர ஒரு சுற்றறிக்கை போதும். முதலில் சங்கங்களும் கோ-ஆப்டெக்ஸும் அதைச் செய்யட்டும். புவிசார் குறியீட்டைப் பயன்படுத்தும் தனியார் கடைகளுக்கும் அடுத்த கட்டமாக அதைக் கட்டாயமாக்க அரசு முன்வர வேண்டும். பட்டு இவ்வளவு, சரிகை இவ்வளவு, நெய்கூலி இவ்வளவு, மீதி கடைக்கு. கடைக்காரர் லாபம் வைக்கக் கூடாது என்று யாரும் சொல்லவில்லை. கடை வாடகையும் விளக்கும் ஏ.சி.யும் அவர் செலவு. கூலி எவ்வளவு என்று வெளியே தெரிந்தால் போதும், மிகக் குறைவாகக் கொடுக்க யாருக்கும் கூச்சம் வரும்.

அரசு செய்யும் வரை காத்திருக்கவும் வேண்டாம். இந்த அரங்கில் இருக்கும் மாணவியர் பலருக்கு இன்னும் சில ஆண்டுகளில் கல்யாணம் நடக்கும். மாணவர்களின் அக்கா தங்கைகளுக்கும் நடக்கும். புடவை எடுக்கப் போகும்போது நிறம் பாருங்கள், கரை பாருங்கள், பேரம் பேசுங்கள். அதோடு, ‘இதுக்கு நெய்கூலி எவ்வளவுங்க?’ என்று அந்தக் கடையில் ஒரு முறை சத்தமாகக் கேளுங்கள்.